குழந்தைவேலு குனிந்த கதை

அமெரிக்காவில் ஒரு லட்சம் சனம் ஒன்றாக எழுந்து நின்று, யாழ்ப்பாணத்து நெடுந்தீவான் ஒருவனுடைய பின்பக்கத்தைப் பார்த்துக் கைதட்டியது. சரி, லட்சம் என்பது கொஞ்சம் கூடத்தான். அந்த மைதானத்தில் மொத்தமே அறுபதினாயிரம் கதிரை. மழை நாளென்றால் அதிலும் பாதி வெறுமை. கைதட்டியதும் அவனுக்கல்ல, அவனுக்குப் பின்னால் நின்று பந்தை உதைத்தவனுக்கு. ஆனால் நெடுந்தீவான் என்பது உண்மை, பின்பக்கம் என்பதும் உண்மை. அந்தப் பின்பக்கத்தால் ஒரு கலியாணம் குழம்பியதும், அதே பின்பக்கத்தால் அந்தக் கலியாணம் நடந்ததும் எல்லாவற்றையும் விடப் பெரிய உண்மை.

ஆளின் பெயர் குழந்தைவேலு. பெயரில் மட்டும்தான் குழந்தை. பனங்குற்றிக்குக் கையும் காலும் முளைத்தால் எப்படியிருக்குமோ அப்படி. வாசலால் அவன் நுழைந்தால் வீட்டுக்குள் ஒருகணம் இருட்டுப்படும்.

தகப்பன் சின்னக்குட்டி வேலி கட்டுகிறவர். நெடுந்தீவில் வேலி என்றால் கிடுகும் கதியாலும் அல்ல. முருகைக்கல்லை ஒன்றின்மேல் ஒன்றாக, சாந்து சுண்ணாம்பு ஒன்றுமில்லாமல் அடுக்கி எழுப்புவது. சின்னக்குட்டிக்கு நாரிப்பிடிப்பு, குனிய ஏலாது. ஆகவே தோட்டத்துக்குள் குனிந்து கல் பொறுக்குவது மகன், வேலியடியில் நிமிர்ந்து நின்று அடுக்குவது தகப்பன். ஒவ்வொரு கல்லாகச் சுமந்துபோய்க் கொடுக்க மகனுக்குப் பஞ்சி. குனிந்தவன் குனிந்தபடியே, இரண்டு காலுக்கும் நடுவால் பின்பக்கமாக எறிந்துவிடுவான். கல் போய்ச் சின்னக்குட்டியின் நெஞ்சுக்கு நேரே கைக்குள் இறங்கும். அதைப் பிடிக்க அவர் ஓர் அங்குலமும் அசையத் தேவையில்லை. அசைய வைத்தால் அவர் வாயில் வருவதை இங்கே எழுத முடியாது. ஒருமுறை குறி தவறிய கல்லொன்று வேலிக்கு அப்பால் மேய்ந்துகொண்டிருந்த கட்டாக்காலிக் குதிரையில் பட்டு, அன்றைக்கு ஓட வெளிக்கிட்ட அந்தக் குதிரை இன்னும் நிற்கவில்லை என்று ஊரில் ஒரு கதை உண்டு.

வளர்ந்ததும் தீவுப் பெடியள் பலரைப்போல அவனும் கப்பலுக்குப் போனான். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் நாட்டில் நடந்தது நடந்தபோது, அவனுடைய கப்பல் அமெரிக்காவின் தெற்குப் பக்கத்தில் ஒரு துறைமுகத்தில் நின்றது. இறங்கியவன் திரும்பி ஏறவில்லை. பந்தாட்டக் கழகம் ஒன்றின் மைதானத்தில் புல்லு வெட்டுகிற வேலை கிடைத்தது.

அவர்களுடைய உதைபந்தாட்டம் எங்களுடையது மாதிரி அல்ல. பந்து உருண்டையாக இராது. உரிக்காத தேங்காய் போல இரண்டு பக்கமும் கூராக இருக்கும். காலால் உதைப்பது எப்போதாவதுதான். மிச்ச நேரமெல்லாம் அதைக் கையில் அணைத்துக்கொண்டு ஓடுவதும், ஓடுகிறவனை விழுத்துவதுமே விளையாட்டு. இனி முன்னேற வழியில்லை என்று கண்டால் பந்தைத் தூரத்துக்கு உதைத்துத் தள்ளிவிடுவார்கள். உதைக்கிறவன் நன்றாகப் பின்னுக்குத் தள்ளி நிற்பான். அவனுடைய கைக்குப் பந்து போக வேண்டும், அதுவும் கண்மூடித் திறப்பதற்குள். அதற்காக ஒருவன் முன்னால் குனிந்து நின்று, கால்களுக்கு நடுவால் பந்தைப் பின்பக்கமாக எறிய வேண்டும். எறிந்ததும் எதிரில் நிற்கும் எருமைபோன்ற ஆட்கள் அவன்மேல் பாய்வார்கள்; அவர்களைத் தன் உடம்பால் மறித்துப் பிடிக்க வேண்டும். இதற்கென்றே சம்பளம் கொடுத்து ஓர் ஆள் வைத்திருப்பார்கள். அவனுக்கு வேறு வேலை கிடையாது.

ஒருநாள் பயிற்சியின்போது பந்தொன்று உருண்டு, புல்லுக்குள் குனிந்து களை பிடுங்கிக்கொண்டிருந்த குழந்தைவேலுவின் காலடிக்கு வந்தது. எழும்பப் பஞ்சி. எடுத்தான், பின்னால் விட்டான். பந்து சுழன்றுகொண்டு போய், தூரத்தில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்த உதைகாரனின் நெஞ்சில் பட்டு, அவன் போத்தலோடு நிலத்தில் குந்திவிட்டான். பயிற்சியாளர் வாயிலிருந்த சுருட்டை விழுங்கிவிட்டார். அது கூட்டிச் சொல்வது; கடித்துத் துப்பினார் என்பதுதான் சரி. ஓடிவந்து, இதை எங்கே பழகினாய் என்று கேட்டார். "எங்கடை அப்பருக்கு நாரிப்பிடிப்பு" என்று குழந்தைவேலு தனக்குத் தெரிந்த இங்கிலீசில் சொன்ன மறுமொழி அந்த மனிதருக்குக் கடைசிவரை விளங்கவேயில்லை.

எண்பத்தைந்திலிருந்து குழந்தைவேலு அந்தக் கழகத்தின் எறிகாரன். நல்லாய் எறிகிற மட்டும் ஒருவரும் அவனைத் திரும்பிப் பார்ப்பதில்லை. ஒரு எறி பிழைத்தால் முழு நாடும் பார்க்கும். வந்த புதிதிலிருந்து ஒருவரும் பார்க்கவில்லை, அவனுக்கும் அது நல்ல சந்தோசம். ஊருக்கு அனுப்பிய படங்களிலெல்லாம் உதைகாரன் காலைத் தூக்கிக்கொண்டு நிற்பான். ஓரத்தில் குனிந்த ஒரு பின்பக்கம் தெரியும். தாய் அன்னமுத்து அதில் ஒன்றைக் கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டி, வருகிறவர்களுக்கெல்லாம் விரலால் தொட்டுக் காட்டுவாள்.

"இவன்தான் என்ரை பிள்ளை."

"முகம் தெரியேல்லையே, அன்னமுத்தக்கா?"

"பெத்தவளுக்கு முகம் வேணுமே?"

எண்பத்தொன்பது வைகாசியில், அங்கே ஆட்டமில்லாத காலத்தில், குழந்தைவேலு பெண் பார்க்க ஊருக்கு வந்தான். ஒரு பந்தும் கூட வந்தது. தீவுக்குப் படகேறுகிற குறிகட்டுவான் துறையில் காவலுக்கு நின்ற சிப்பாய் அதை மணந்து, அமத்தி, காதில் வைத்துக் கேட்டுவிட்டு, தானும் ஒருக்கால் எறிந்து பார்த்த பிறகுதான் திருப்பிக் கொடுத்தான்.

கலியாணம் பேசியவர் தரகர் கதிர்காமு. பெண், கரம்பொன்னில் அப்புத்துரையின் மகள் பரிமளம். அப்புத்துரை அரசாங்கக் கச்சேரியில் தலைமைக் கிளாக்கராக இருந்து ஓய்வெடுத்தவர். வெயிலோ மழையோ குடை இல்லாமல் படலையைத் தாண்டமாட்டார். எதையும் ஒழுங்காக, மேலிருந்து கீழாக விசாரித்தால்தான் அவருக்குத் திருப்தி. மாப்பிள்ளை என்ன உத்தியோகம் என்று கேட்டபோது, "பெரியதொரு கழகத்திலை பின்பகுதிப் பொறுப்பு" என்று கதிர்காமு வாய் கூசாமல் சொல்லி வைத்திருந்தார். அதில் பொய் இல்லை என்பதுதான் அவருடைய கெட்டித்தனம்.

பெண் பார்க்கிற நாள் வந்தது. அப்புத்துரை விறாந்தைப் பக்கம் பார்த்தபடி சாய்மனைக் கதிரையில் இருந்தார். அவருக்குப் பின்னால் அறை வாசல், வாசலில் சேலைத் துண்டில் தைத்த திரை, திரைக்குள் பரிமளம். குழந்தைவேலு இருந்த கதிரை அவன் மூச்சுவிடும்போதெல்லாம் முனகியது. பலகாரத் தட்டு வெறுமையானதும் அப்புத்துரை தொண்டையைச் செருமினார்.

"தம்பி, பின்பகுதிப் பொறுப்பு எண்டு கதிர்காமு சொன்னவர். அதிலை உமக்கு என்ன வேலை?"

"பந்தைப் பின்னாலை எறியிறது, ஐயா."

"அது சரி. எறிஞ்ச பிறகு?"

"பிறகு இடி வாங்கிறது, ஐயா."

அப்புத்துரை தரகரைப் பார்த்தார். கதிர்காமு கூரையில் பல்லி தேடினார்.

"எனக்கு விளங்கேல்லைத் தம்பி. ஒருக்கால் விளக்கமாக் காட்டும் பாப்பம்."

அங்கேதான் பிழைத்தது. குழந்தைவேலுவின் தொழிலில் பின்னால் நிற்கிறவன்தான் பெரியவன். அவனுக்காகத்தான் குனிவது, அவனுக்காகத்தான் இடி வாங்குவது. எறிகாரன் ஒருவன் தன் முதுகைக் காட்டி நிற்கிறான் என்றால், உன்னை நம்பி நிற்கிறேன் என்று அர்த்தம். ஆகவே வீட்டுக்குப் பெரியவருக்கு உரிய இடத்தைக் கொடுக்க நினைத்தவன், பையிலிருந்த பந்தை எடுத்தான், எழும்பினான், மரியாதையோடு அப்புத்துரைக்கு முதுகைக் காட்டித் திரும்பினான், காலை அகட்டினான், குனிந்தான். கரம்பொன் அப்புத்துரையின் முகத்துக்கு நேரே, ஒரு பாய் விரிக்கிற இடைவெளியில், நெடுந்தீவின் முழு அகலமும் எழுந்து நின்றது.

"ஐயா, கையை நெஞ்சுக்கு நேரை வைச்சிருங்கோ" என்றது கீழேயிருந்து ஒரு குரல்.

கால்களுக்கு நடுவால் அவன் பார்த்தபோது அப்புத்துரை தலைகீழாகத் தெரிந்தார். அவருடைய முகம் மெல்ல மெல்லச் சிவந்தது. அவருக்குப் பின்னால் திரை விலகியிருந்தது. அங்கே ஒரு தலைகீழ்ப் பெண், வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு, கண்ணில் நீர் முட்ட, சிரிப்பை அடக்கப் படாத பாடு பட்டுக்கொண்டிருந்தாள். இரண்டு பேருடைய கண்ணும் சந்தித்தன. கை விலகி, சிரிப்பு வெடித்து வீடு முழுக்கக் கேட்டது.

"எழும்பும்!" அப்புத்துரை கதிரையை விட்டு எழுந்துவிட்டார். "எழும்பி வெளியிலை நடவும்! கச்சேரியிலை அரசாங்க ஏசண்டுத் துரையே என்னைக் கண்டால் கதிரையை விட்டு எழும்புவார். என்ரை வீட்டுக்குள்ளை வந்து, என்ரை பலகாரத்தைத் திண்டுபோட்டு, எனக்கே காட்டுறீரோ?"

திரும்பி வரும் வழியில் தரகர் தலையில் அடித்துக்கொண்டார். குழந்தைவேலு மட்டும் ஏதோ வென்றவன் மாதிரி நடந்தான்.

"பொம்பிளை சிரிச்சவ, கதிர்காமண்ணை."

"ஊரே சிரிக்கப் போகுது. பேசாமல் வாரும்."

"எனக்கு அவதான் வேணும். வேறை இடம் பார்க்காதேங்கோ."

ஆனிப் பூரணையோடு நயினாதீவு அம்மன் கோயில் தேர் முடிந்ததும் அவன் அமெரிக்கா திரும்பியாக வேண்டும். அங்கே பயிற்சி தொடங்கிவிடும். அதற்குள் அப்புத்துரையின் மனம் மாறாவிட்டால் பரிமளம் இல்லை. வேறிடத்தில் காணி உறுதி எழுதுகிற ஒரு நொத்தாரிசு மாப்பிள்ளையை அவர் பேசத் தொடங்கிவிட்டார் என்றும் கேள்வி. கதிர்காமு கடைசியாக ஒரு வழி சொன்னார்.

"தேருக்கு அவர் குடும்பத்தோடை வருவார். துறையிலை இறங்கேக்கை முன்னாலை போய் நில்லும். நிமிர்ந்து நிண்டு மன்னிப்புக் கேளும். ஒரு காரணங்கொண்டும் குனியாதேயும். விளங்குதோ? செருப்பு அறுந்தாலும் குனியாதேயும். தேங்காய் உருண்டு போனாலும் எடுக்காதேயும்."

"ஓம் அண்ணை."

தேரன்று விடிய முதலே தாயும் மகனும் நயினாதீவுக்கு வந்துவிட்டார்கள். பந்தை அம்பாளின் காலடியில் வைத்து அருச்சனை செய்ய வேண்டும் என்பது அன்னமுத்துவின் நேர்த்தி. ஐயர் அது என்ன காய் என்று கேட்காமல் நட்சத்திரத்தை மட்டும் கேட்டு, அருச்சனை செய்து, சந்தனமும் குங்குமமும் பூசிக் கொடுத்தார். குழந்தைவேலு அதைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, விறைத்த கம்பம் மாதிரி நிமிர்ந்து துறைக்கு நடந்தான். வழியில் உண்மையிலேயே செருப்பு வார் கழன்றது. அவன் நின்றான், அன்னமுத்துதான் குனிந்து மாட்டிவிட்டாள்.

"என்னடா உனக்கும் அப்பர்மாதிரி நாரிப்பிடிப்போ?"

"கதிர்காமண்ணை சொன்னவர், அம்மா."

அன்றைக்குச் சோழகம் பேய்க்காற்றாக அடித்தது. படகோட்டி சவிரிமுத்துவின் லாஞ்ச் குறிகட்டுவானிலிருந்து சனத்தை அள்ளி ஏற்றிக்கொண்டு, கடலை இரண்டாகப் பிளந்து வந்தது. மூக்குப் பக்கத்தில் குடையோடு அப்புத்துரை. பக்கத்தில் மனைவி, பரிமளம். இறங்குதுறைக்குக் கிட்ட வந்து, சவிரிமுத்து கயிற்றை எடுக்கச் சொல்லிக் கத்திய அதே கணத்தில், இயந்திரம் இரண்டு தரம் இருமி நின்றுவிட்டது. லாஞ்சைக் காற்றுப் பிடித்தது. துறையிலிருந்து விலத்தி, பக்கத்தில் கடலுக்கடியிலிருந்து கல்லுப் பார் பல்லைக் காட்டிக்கொண்டிருந்த இடத்தை நோக்கித் தள்ளியது. லாஞ்சிலிருந்து எறிந்த கயிறு பாதியில் தண்ணீரில் விழுந்தது. கரையிலிருந்து எறிந்த கயிற்றைக் காற்று தூக்கி, எறிந்தவனுடைய தலையிலேயே போட்டது. குதித்து நீந்திய இரண்டு பேரை அலை பத்திரமாகத் திரும்பக் கொண்டுவந்து கரையில் விட்டது. லாஞ்சில் குழந்தைகள் அழ, பொம்பிளைகள் அம்பாளைக் கூப்பிடத் தொடங்கினார்கள்.

குழந்தைவேலு காற்றைப் பார்த்தான். கையை உயர்த்தி எறிகிற எதையும் அது தூக்கிக்கொண்டு போய்விடும். தாழ்வாக, சுழன்றுகொண்டு, தண்ணீருக்கு மேலால் முழங்கால் உயரத்தில் போகிற ஒன்றை மட்டும் அதால் ஒன்றும் செய்ய ஏலாது. அப்படி எறிய அந்தத் துறையில் ஓர் ஆள்தான் இருந்தான். பக்கத்தில் நின்ற மீன்காரரிடம் தூண்டில் நூலான தங்கூசியை வாங்கிப் பந்தின் தையலில் முடிந்தான். தங்கூசியின் மற்ற நுனியில் பெருங்கயிற்றை முடிந்தான். பந்தைப் பிடித்தவர்கள் தங்கூசியை இழுத்தால் கயிறு பின்னால் போகும்.

லாஞ்சுக்கு முதுகைக் காட்டித் திரும்பியவன், அப்படியே நின்றுவிட்டான்.

கதிர்காமு சனத்தை இடித்துக்கொண்டு ஓடிவந்தார். "வேண்டாம்! குனியாதேயும்! மனுசன் நேரை பார்த்துக்கொண்டு நிக்கிறார்! இண்டைக்கும் காட்டினீரெண்டால், பிறகு பரிமளத்தை மறந்துபோடும்!"

குழந்தைவேலுவுக்குக் காது சுட்டது. ஊர் முழுக்கத் துறையில் நிற்கிறது. அன்றைக்கு நடந்தது வீட்டுக்குள். இன்றைக்கு நடந்தால் தேர்ச்சனத்துக்கு முன்னால். இதற்குப் பிறகு அப்புத்துரை வாசல் படலையையே செங்கல் வைத்து அடைத்துவிடுவார். ஆனால் குனியாவிட்டால், அவன் மன்னிப்புக் கேட்க அப்புத்துரை உயிரோடு வந்து இறங்கப் போவதில்லை.

லாஞ்சின் மூக்கிலிருந்து அப்புத்துரையும் அவனைக் கண்டுவிட்டார். அந்த முதுகை அவர் எங்கே கண்டாலும் அடையாளம் பிடிப்பார்.

"அட, இவனோ! அம்மாளாச்சி, கடைசி நேரத்திலையும் எனக்கு இந்தக் கோலத்தையோ காட்டுறாய்?"

அப்போது லாஞ்ச் பாரில் ஒருக்கால் உரசியது. குடை பறந்து போனது. அப்புத்துரை லாஞ்சின் ஓரக் கம்பியை இரண்டு கையாலும் கட்டிப்பிடித்தார். கச்சேரியில் இத்தனை வருடம் ஒரு நாளும் உயராத குரல், சோழகத்தையும் வென்று கரைக்குக் கேட்டது.

"குனியும் தம்பி! குனியும்! நல்லாக் குனியும்!"

குழந்தைவேலு குனிந்தான். கால்களுக்கு நடுவால் கடலும் வானமும் இடம் மாறின. வானத்துக்குக் கீழே லாஞ்ச் தொங்கியது. ஒருகணம் குறி பார்த்தான், விட்டான். குங்குமம் பூசிய பந்து தண்ணீருக்கு மேலால் வண்டுபோல இரைந்துகொண்டு, தங்கூசியை வெள்ளிக் கோடாக இழுத்துக்கொண்டு, ஐம்பது பாகத் தூரம் பறந்தது. சரி, பதினைந்து பாகம். போய் லாஞ்சின் மூக்கில் நின்ற அப்புத்துரையின் நெஞ்சுக்கு நேரே, நீட்டிய கைக்குள் இறங்கியது. அவர் ஓர் அங்குலமும் அசையத் தேவைப்படவில்லை.

மிச்சம் சவிரிமுத்துவின் வேலை. தங்கூசியை இழுக்கக் கயிறு வந்தது. கயிற்றை லாஞ்சில் கட்டியதும், துறையில் நின்ற ஆம்பிளையள் எல்லாரும் தேர்வடம் பிடிப்பதுபோல அரோகரா சொல்லி இழுத்தார்கள். நயினாதீவில் அன்றைக்கு இரண்டு தேர் ஓடியது என்று சொல்லுவார்கள். லாஞ்ச் துறையில் வந்து முட்டியதும், நனைந்த வேட்டியோடு அப்புத்துரை இறங்கினார். முன்னால் குழந்தைவேலு, கதிர்காமு சொன்னபடி விறைத்து நிமிர்ந்து நின்றான்.

"ஐயா, அண்டைக்கு உங்கடை வீட்டிலை..."

"கதையை விடும்." அப்புத்துரை அவனைச் சுற்றி நடந்து, முன்னும் பின்னும் வடிவாகப் பார்த்தார். "கதிர்காமு சொன்னது சரிதான். பொறுப்பான உத்தியோகம்தான்."

"அப்ப, ஐயா..."

"நாள் வைப்பம். ஒண்டு மட்டும் சொல்லுறன். கலியாணத்தண்டு எங்கடை காலிலை விழேக்கை, தயவுசெய்து முன்பக்கம் பார்த்துக் குனியும்."

அவன் பயணம் போவதற்குள் தாலி ஏறியது. குழந்தைவேலு தொண்ணூற்று நாலு வரைக்கும் எறிந்தான். அத்தனை வருடத்திலும் ஒரேயொருமுறை, மழையில் வழுக்கி, உதைகாரனுடைய தலைக்கு மேலால் ஒரு பந்து போனது. மறுநாள் பத்திரிகைகளிலெல்லாம் அவனுடைய பெயரும், முதல்முதலாக முகமும் வந்தன. பரிமளத்தோடு அங்கேயே போய்ச் சேர்ந்திருந்த அப்புத்துரை பத்திரிகையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "மருமேன்ரை முகமும் பரவாயில்லை" என்றாராம். நயினாதீவில் பந்து பிடித்த கதையை அவர் அந்தத் தூர ஊரிலும் சந்திக்கிற ஆளுக்கெல்லாம் சொன்னார். சொல்லச் சொல்லப் பந்தின் வேகம் கூடியது, அவருடைய பிடியும் இறுகியது.

இவ்வளவையும் எழுதிக்கொண்டு போய் அவர்கள் வீட்டில் நான் வாசித்து முடிய, குசினிக்குள் மீன் வெட்டிக்கொண்டிருந்த பரிமளம் கையில் கத்தியோடு வெளியே வந்தாள்.

"எல்லாம் சரி. அப்பா பந்து பிடிச்சது மட்டும் பிழை. அவர் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, கம்பியைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு நிண்டவர். ரெண்டு கையும் கம்பியிலை. பிடிச்சது நான். குமர்ப்பிள்ளை சபை நடுவிலை மாப்பிளை எறிஞ்ச பந்தைப் பிடிச்சது எண்டால் சனம் என்ன கதைக்கும் எண்டு, அம்மா அதை என்ரை கையாலை பறிச்சு அப்பான்ரை கையிலை வைச்சவ. கண்ணைத் திறந்த மனுசன் தான்தான் பிடிச்சதெண்டு நம்பிப்போட்டார்."

"அப்ப பந்து குறி தவறித்தான் உன்னட்டை வந்ததோ?" என்று கேட்டேன்.

"குறி தவறினதோ?" பரிமளம் விறாந்தையில் நித்திரை கொண்டிருந்த அந்தப் பென்னம்பெரிய முதுகை ஒருக்கால் பார்த்துச் சிரித்தாள். "அவர் அப்பாவுக்கு எறியவேயில்லை."